புதுப்பிப்பு: கம்போடியாவின் அங்கோர் கோயில்கள், வழிகாட்டியுடன் 3 நாள்

எந்த நுழைவுச் சீட்டு வாங்குவது, அங்கோர் வாட்டின் உச்சி மாடத்துக்கு என்றைக்குப் போவது என்று இங்கே கேட்டிருந்தேன். பதில் சொன்ன எல்லோருக்கும் நன்றி. போய் வந்தாயிற்று.

கைகொடுத்தது நாள்காட்டி பார்க்கச் சொன்ன யோசனைதான். பௌத்தப் புனித நாள்களில் உச்சி மாடம் பக்கான் மூடியிருக்கும். அமாவாசை, பௌர்ணமி, இரண்டு அஷ்டமிகள் என்று நம்மூர்க் காலண்டரிலேயே பார்த்துக்கொள்ளலாம். ஒரு நாள் முன்பின் ஆகலாம் என்பதால் வழிகாட்டியிடமும் உறுதி செய்துகொள்ளுங்கள். தோளும் முழங்காலும் மூடிய உடை கட்டாயம். மேலே துண்டு போர்த்தினால் விடுவதில்லை, கையுள்ள சட்டைதான் வேண்டும்.

3 நாள் சீட்டு 62 டாலர். 10 நாளுக்குள் எந்த மூன்று நாளிலும் செல்லும் என்பதால் நடுவில் ஓய்வு எடுக்கலாம். சுற்றுலாக் கட்டணத்தில் இது பெரும்பாலும் சேராது.

எதிர்பாராதது: கோ கேர் கோயில்கள் இந்தச் சீட்டில் அடங்காது, தனிச் சீட்டு. பெங் மிலியா கோயில் அடங்கும். பந்தியாய் ஸ்ரெய் கோயில் தள்ளி இருக்கிறது, மாலை 5 மணிக்கே மூடிவிடும், காலையில் போங்கள். அங்கோர் வாட் மேற்கு நோக்கியது, முகப்பில் வெயில் விழுவது பிற்பகலில்தான். சூரிய உதயக் கூட்டத்தில் இடிபடுவதைவிட எனக்கு அதுவே மேல்.