பெரிய வீடு குடும்பம் (வாட்ஸ்அப் குழு)

சாந்தி: தருண் இன்று சாயங்காலம் 5 மணிக்குள் கவுன்சிலிங் சாய்ஸ் லாக் பண்ண வேண்டும். சினிமாவுக்கு கிராபிக்ஸ் பண்ணப் போகிறானாம், ஓவியக் கல்லூரிதான் வேண்டுமாம். யாராவது பேசுங்கள்.

முரளி: கம்ப்யூட்டர் சயின்ஸ். முடிந்தது.

சேகர்: அவசரப்படாதே. ஜோ ஜான்ஸ்டன் என்று அமெரிக்காவில் ஒருவர். 1977இல் வந்த ஸ்டார் வார்ஸ் படத்துக்கு விண்கலங்களை வரைந்தவர். அடுத்த பாகத்தில் எஃபெக்ட்ஸ் பிரிவின் ஆர்ட் டைரக்டர். பனியில் நாலு காலில் நடந்து வருமே இரும்பு ராட்சசன், அது அவர் வடிவமைத்தது. அதற்கு நடை சொல்லிக்கொடுக்க நிஜ யானையைப் படம் பிடித்துப் பார்த்தார்கள்.

வசந்தா: காந்திமதி யானை போனபிறகு நெல்லையப்பர் கோயில் வாசலே வெறிச்சென்று இருக்கிறது 🙏

கீதா: ஆமாம் பாவம்

சேகர்: விஷயத்துக்கு வருகிறேன். அதே ஸ்டார் வார்ஸில் போபா ஃபெட் என்று ஒரு பாத்திரம். கவசத்தை முதலில் வெள்ளையாகத்தான் செய்தார்கள். இவர் பெயின்ட் அடித்து, பல சண்டை பார்த்த பழைய கவசம் மாதிரி ஆக்கினார். 1982இல் ரெய்டர்ஸ் ஆஃப் தி லாஸ்ட் ஆர்க் படத்துக்காக விஷுவல் எஃபெக்ட்ஸ் ஆஸ்கர், நாலு பேரில் ஒருவர். அப்புறம் ஸ்டார் வார்ஸ் எடுத்த ஜார்ஜ் லூகாஸே ஃபீஸ் கட்டி சினிமா படிக்க அனுப்பினார். 1989இல் அவர் இயக்கிய முதல் படம் வந்தபோது வயது 39. சுண்டுவிரல் நகத்தைவிடச் சின்னதாகிவிட்ட பிள்ளைகள் எறும்பின் மேல் சவாரி போவார்களே, அந்தப் படம். 2011இல் கேப்டன் அமெரிக்கா படம் இயக்கும் வரை வந்துவிட்டார்.

முரளி: மாமா, பத்தி பிரித்துப் போடுங்க 😅

சாந்தி: அவருக்கு லூகாஸ் கட்டினார். இவனுக்கு?

கீதா: சேகர் மாமா 🙋‍♀️

சாந்தி: 94இல் சேகர் அண்ணன் வீடியோ கடை வைக்கக் கொடுத்த என் வளையலே இன்னும் வரவில்லை.

சேகர்: அதை எதற்கு இங்கே

வசந்தா: ஞாயிற்றுக்கிழமை அப்பா திதிக்கு வாழை இலை யார் வாங்குவது?

முரளி: 👍

வசந்தா: எதுக்குடா 👍? நீ வாங்குகிறாயா?

தருண்: மாமா, 39 வயசு வரைக்கும் அம்மா விடமாட்டாங்க. இன்ஜினியரிங்கும் பத்து சாய்ஸ் போட்டு வைத்திருக்கிறேன். லாக் பண்ண ஓடிபி அம்மா ஃபோனுக்கு வரும்.

சாந்தி: வந்துவிட்டது. மணி 4:40. சொல்லவா?

முரளி: சொல்லுங்க பெரியம்மா

சேகர்: பொறு, நான் ஃபோன் பண்ணுகிறேன்

வசந்தா: இலை?