ரயிலுக்கு முன்னால் காற்று வருவது ஏன்?

கேள்வி:
சுரங்க மெட்ரோ பற்றிச் சில சந்தேகங்கள். ரயில் கண்ணில் படும் முன்பே பிளாட்பாரத்தில் காற்று அடிக்கிறதே, எப்படி? வளைவில் காதைக் கிழிக்கும் கீச்சொலி பழுதின் அறிகுறியா? கூட்டத்தில் பிடி கிடைக்காவிட்டால் பக்கத்து ஆள் மேல் விழாமல் நிற்பது எப்படி?

பதில் 1 (தண்டவாளம்):
காற்று, சைக்கிள் பம்ப் கணக்குதான். சுரங்கம் குழாய், ரயில் உள்ளே தள்ளும் தண்டு. இடைவெளி குறையக் குறைய காற்றுக்குப் பலம். பிளாட்பார ஓரத்தில் கூரை வரை கண்ணாடித் தடுப்பு இருந்தால் பெரும்பாலும் தெரியாது. ஓடும் ரயிலில் காது அடைப்பதும் அழுத்த மாற்றத்தால்தான். எச்சில் விழுங்கினால் விட்டுவிடும்.

கீச்சொலி பெரும்பாலும் பழுதல்ல. பெட்டிக்கு அடியில் இரண்டிரண்டு அச்சுகள் ஒரே சட்டத்தில் இணையாகப் பூட்டியிருக்கும். கடும் வளைவில் அவை முழுதாகத் திரும்ப முடியாது. சக்கரம் பக்கவாட்டில் வழுக்கும். ஒட்டும், விடும், ஒட்டும், விடும். நொடிக்கு ஆயிரம் முறைக்கு மேல் இப்படி அதிர்ந்தால் சக்கரமே மணியாக ஒலிக்காமல் என்ன செய்யும்? தண்டவாளம் ஈரமானால் சத்தம் அடங்குவதைக் கவனியுங்கள்.

பதில் 2 (கம்பிபிடி):
நிற்கிற விஷயத்துக்கு வருகிறேன். கிளம்பும்போது ரயிலின் வேகம் ஒவ்வொரு நொடியும் சுமார் 1 மீ/நொடி கூடும். புவியீர்ப்பில் பத்தில் ஒரு பங்கு. ஓடும் திசையில் 6 டிகிரி சாய்ந்தாலே ஈடாகிவிடும். ஆளைத் தள்ளுவது வேகமல்ல, அது சட்டென்று மாறுவது. பிரேக் பிடிக்கையில் எல்லோரும் பின்னுக்குச் சாய்ந்து சமாளிப்பார்கள். ரயில் நின்ற கணத்தில் அந்த விசை மறையும், சாய்ந்த உடல் அப்படியே பின்னால் போகும். பக்கத்து ஆளின் காலை மிதிப்பது பெரும்பாலும் அப்போதுதான்.

கால்களைத் தோள் அகலத்துக்கு வைத்து, ஒன்றை முன்னே, ஒன்றைப் பின்னே, ரயில் ஓடும் திசைக்குக் குறுக்குச்சாய்வாக நில்லுங்கள். முழங்காலை விறைக்க வேண்டாம். பெட்டியின் நடுப்பகுதி நல்லது. சக்கரங்களுக்கு நேர் மேலே அதிர்வும் சத்தமும் அதிகம்.

பதில் 3 (கறுப்புக்கைக்குட்டை):
மூக்கு துடைத்தால் கறுப்பாக வருவதையும் சேர்த்துக்கொள்ளுங்கள். சக்கரம், தண்டவாளம், பிரேக் தேய்ந்து பறக்கும் தூசி, பெரும்பங்கு இரும்பு.

இன்னொன்று: உள்ளே வெளிச்சம், வெளியே இருட்டு என்பதால் ஜன்னல் கண்ணாடி முகம் பார்க்கும் கண்ணாடியாகிவிடும். எதிரே நிற்பவர் பார்க்கிறாரே என்ற சங்கடத்தில் அந்தப் பக்கம் திரும்பினால் அதே ஆள் அங்கேயும் உங்களைப் பார்ப்பார். கதவுக்கு மேலிருக்கும் வழித்தடப் படத்தை எல்லோரும் பரீட்சைக்குப் படிப்பதுபோல் பார்ப்பது சும்மா இல்லை.