மணி கேட்டால் கிளாரினெட் வருகிறது, டெக்செட்டில் எங்கே தவறு?

தங்கச்சிமடம்:
வணக்கம். ஊர்த் திருவிழா நாடகத்துக்குப் பின்னணி இசை செய்கிறேன், ஒரு காட்சியில் மாதா கோயில் மணி அடிக்க வேண்டும். போனில் பதிவு செய்தேன், முழுக்கக் கச்சான் காற்று இரைச்சல்தான். சரி, ஒரு சுரத்தை இன்னொன்றால் வேகமாக ஆட்டிப் புது ஓசை உண்டாக்கும் எஃப்எம் முறையில் நாமே செய்வோம் என்று டெக்செட் என்ற சிந்தசைசர் மென்பொருளை இறக்கினேன். அதில் ஓசை எழுப்பும் ஆபரேட்டர்கள் ஆறு, அவற்றை இணைக்கும் விதம்தான் அல்காரிதம். முதல் அல்காரிதம், 3 முதல் 6 வரை அணைத்தாயிற்று, 2-வது ஆபரேட்டர் 1-வதை ஆட்டுகிறது. 1-ன் ரேஷியோ (அழுத்தும் கட்டையின் சுருதிக்கு எத்தனை மடங்கு என்பது) 1.00, 2-க்கு 2.00. வருவது மணி இல்லை, சளி பிடித்த கிளாரினெட். 2-ன் லெவலைக் கூட்டினால் கரகரப்பு, குறைத்தால் வெறும் விசில். விரலை எடுத்தால் சட்டென்று நின்றும்விடுகிறது. ஸ்பீக்கர் கோளாறா?

தொண்டி:
மணி சாம்பிள் இறக்கிப் போட்டால் ஐந்து நிமிட வேலை. இதற்கு இவ்வளவு பாடா?

தங்கச்சிமடம்:
போட்டுப் பார்த்துவிட்டேன் அண்ணா. மூன்று இரவு போயிருக்கிறது. எங்கள் மணி ஊரில் எல்லோர் காதிலும் இருக்கிறது, வேறு மணி என்றால் உடனே சிரிப்பார்கள்.

கீழக்கரை:
தம்பி, ஸ்பீக்கரை விடு, தவறு அந்த 2.00-ல் இருக்கிறது.

நாகஸ்வரக்காரர் ஒரு சுரத்தை வினாடிக்கு ஐந்தாறு முறை அசைத்தால் நமக்கு அசைவு கேட்கும். அதையே வினாடிக்கு நூறு, இருநூறு முறை என்று கொண்டுபோனால் காது அதை அசைவாக எடுத்துக்கொள்ளாது, மூலச் சுரத்துக்கு இரண்டு பக்கமும் புதுச் சுரங்கள் முளைத்த மாதிரி, குரலே மாறிக் கேட்கும். ஸ்டான்ஃபோர்டில் ஜான் சௌனிங் 1967-ல் கம்ப்யூட்டரில் வைப்ரேட்டோவை அளவுக்கு மீறிக் கூட்டிப் பார்த்தபோது கண்டது இதுதான். யமஹா அதற்கு உரிமம் வாங்கி 1983-ல் டிஎக்ஸ்7 என்ற சிந்தசைசரைக் கொண்டுவந்தது, டெக்செட் அதைப் பார்த்துச் செய்தது.

இப்போது கணக்கு. கேரியர், அதாவது ஆட்டப்படும் உன் 1-வது ஆபரேட்டர், 200 ஹெர்ட்ஸ் என்று வை. அதை ஆட்டும் 2-வதுதான் மாடுலேட்டர். மாடுலேட்டரை அதோடு கூட்டிக்கொண்டே போ, அப்புறம் கழித்துக்கொண்டே போ, பூஜ்யத்துக்குக் கீழே போனது திரும்பி மேலே வந்துவிடும். உன் ரேஷியோவில் மாடுலேட்டர் 400. கூட்டினால் 600, 1000. கழித்தால் மைனஸ் 200, மைனஸ் 600, அதாவது மறுபடி 200, 600. எல்லாமே ஒற்றைப்படை மடங்கு. கிளாரினெட்டின் கீழ்ச் சுரங்களில் ஓங்கி நிற்பதும் ஒற்றைப்படைதான், ஆக உன் காது பழுதில்லை! மாடுலேட்டரை 280 ஆக்கு: ஒரு பக்கம் 480, 760, 1040, மறுபக்கம் 80, 360, 640. இந்த ஆறில் ஒன்றுகூட 200-ன் மடங்கு இல்லை. அந்த ஒட்டாத தன்மைதான் உலோகம். 2-வது ஆபரேட்டரில் கோர்ஸ் 1, ஃபைன் 40 வை, 1.40 வந்துவிடும். சௌனிங் 1973-ல் எழுதிய கட்டுரையிலும் மணிக்கு இதே 200, 280 தான்.

ரேஷியோ மட்டும் மாற்றினால் போதாது. மணியை அடித்ததும் கணீர் என்று எல்லாம் கலந்து வரும், போகப்போகக் கூர்மை கரைந்து ரீங்காரம் மட்டும் நிற்கும். நீ மாடுலேட்டரை ஒரே லெவலில் நிறுத்தியிருப்பாய், அதனால்தான் கரகரப்பு இல்லையென்றால் விசில். மாடுலேட்டரின் என்வலப்பில், அதாவது லெவல் நேரத்தோடு ஏறி இறங்கும் அமைப்பில், முதல் லெவல் 99, கடைசி இரண்டும் 0, இறங்கும் ரேட் மெதுவாக. கேரியருக்கும் அப்படியே, ஆனால் அதைவிட மெதுவாக இறங்கட்டும். நாலாவது ரேட்டையும் குறை, விரலை எடுத்தாலும் ஓசை நிற்காது.

தங்கச்சிமடம்:
காக்கா, மணி வந்துவிட்டது! ஆனால் மேல் கட்டைகளில் தகரத்தைக் கீறுகிற மாதிரி, சுருதிக்குச் சம்பந்தமே இல்லாத கீச்சு.

கீழக்கரை:
அது வேறு சங்கதி. ஆட்டும் அளவு 10 என்றால் பக்கத்துக்கு ஏறக்குறைய 11 சுரம் பலமாக இருக்கும். 2093 ஹெர்ட்ஸ் கட்டையை அழுத்தினால் மாடுலேட்டர் 2930, பதினோராவது சுரம் 34,000-ஐத் தாண்டும். ஓசையை வினாடிக்கு 44,100 முறை அளக்கும் சாம்பிள் ரேட்டில் அதன் பாதியான 22,050 ஹெர்ட்ஸுக்கு மேல் இடமே கிடையாது, மிஞ்சியது மடங்கிக் கீழே விழும், கீச்சு அதுதான். கீபோர்டு லெவல் ஸ்கேலிங்கில் மேல் கட்டைகளுக்கு மாடுலேட்டரின் லெவலைக் குறைத்துவிடு.

இன்னொன்று, சுருதி சேர்த்து வார்த்த பெரிய மணியில் ஒரு ஸ்தாயி கீழே ஒரு முனகலும், மேலே 1.2 மடங்கில் ஒரு சுரமும் உண்டு, அந்தச் சோக வாடை அதிலிருந்து வருவது. 5-வது அல்காரிதத்தில் மூன்று ஜோடி கிடைக்கும். கேரியர்களை 0.50, 1.00, 1.20 என்று வைத்துப் பார்.

தங்கச்சிமடம்:
1.20-ஐ 1.18-க்கு இறக்கியதும் எங்கள் மணியேதான், அதுவும் சுருதி சேர்க்காத மணி போலிருக்கிறது. தொண்டி அண்ணனுக்கு: மொத்தம் நான்கு இரவு.