வெண்புள்ளி உள்ள முகத்துக்கு விளக்கு அமைப்பது எப்படி?

தோற்றத்தை வைத்து ஆட்களை ஒதுக்குவது பற்றி ஆவணப்படம் எடுத்துக்கொண்டிருக்கிறேன். பேசுபவர்கள் எல்லோருக்கும் முகத்தில் வெண்புள்ளி. தொற்றவே தொற்றாத ஒன்றுக்காக வேலையையும் கல்யாணத்தையும் இழந்தவர்கள்.

பேட்டிகளில் ஒரு சிக்கல். கருமையான தோலுக்கு எக்ஸ்போஷர் (கேமரா வாங்கும் ஒளியின் அளவு) வைத்தால் வெள்ளைத் திட்டுகள் வெளுத்து, தோலின் நுணுக்கமே போய்விடுகிறது. திட்டுகளுக்கு வைத்தால் கண்ணும் கன்னமும் இருண்டு நாய்ஸ் (படத்தில் பொடிப்பொடியான புள்ளிகள்) ஏறுகிறது.

கேமரா சோனி ஏ7 III, எஸ்-லாக்2 (பிறகு நிறம் திருத்துவதற்காக வெளிறினாற்போல் பதியும் முறை), ஐஎஸ்ஓ (ஒளி உணர்திறன்) 800, பதிவு 8 பிட்தான், அதாவது நிறப்படிகள் குறைவு. பக்கவாட்டில் சாஃப்ட்பாக்ஸோடு ஒரே எல்இடி. ஸீப்ரா (மிகையாக வெளுக்கும் இடத்தைக் கோடு போட்டுக் காட்டும் வசதி) போட்டுப் பார்த்தேன், விளக்கைத் தள்ளி வைத்தேன், எதிர்ப்பக்கம் வெள்ளைப் பலகையும் வைத்தாயிற்று, கொஞ்சம்தான் தேறியது. லாக்கில் ஒரு ஸ்டாப் கூட்டி (ஒளியை இரு மடங்காக்கி) எடுப்பது வழக்கம், இங்கே அதனால் திட்டுகள்தான் கெடுகின்றன. அப்புறம் டாவின்சி ரிசால்வ் என்ற எடிட்டிங் மென்பொருளில் ஹைலைட்டை (வெளிச்சமான பகுதிகளை) இறக்கினால் அவை சாம்பல் பூத்தாற்போல் ஆகின்றன. மேக்கப் போடச் சிலர் சொன்னார்கள். அது வேண்டவே வேண்டாம். மறைக்காமல் முகம் காட்டத்தான் பேட்டி தருபவர்கள் சம்மதித்தார்கள்.

அடுத்த பேட்டி வரும் வாரம், வேறு கேமராவுக்கு வழியில்லை. இதே கேமரா, இதே ஒற்றை விளக்கை வைத்து இரண்டு நிறமும் உள்ளது உள்ளபடி பதிய, விளக்கையும் எக்ஸ்போஷரையும் எப்படி அமைக்க வேண்டும்?