உப்புவெளியில் காணி: மாநகர சபையா, பிரதேச சபையா, பிரதேச செயலகமா?

உப்புவெளிக்காற்று கேட்டது:

வணக்கம். உப்புவெளியில் 15 பேர்ச் காணி, வீடு கட்ட வேணும். காணி உறுதியில் "பட்டினமும் சூழலும்" என்று இருக்கு, தபால் முகவரியில் வெறும் "திருகோணமலை". மாநகர சபைக்குப் போகச் சொல்லி ஒருவர், டி.எஸ். ஒபிசுக்கு, அதாவது பிரதேச செயலகத்துக்குப் போகச் சொல்லி இன்னொருவர். கட்டட அனுமதி யாரிடம் எடுக்கிறது? ஒரே ஊருக்கு ஏன் இத்தனை ஒபிஸ், நகரம் இந்த இடத்தோட முடியுது என்று யார் தீர்மானிக்கிறது?

கச்சேரியடி:

பட்டினமும் சூழலும் பிரதேச சபையில்தான் அனுமதி எடுக்க வேணும். மாநகர சபை உங்கள் காணிக்கு வராது, பிரதேச செயலகம் கட்டட அனுமதி கொடுக்காது. "பிரதேச" என்ற சொல் இரண்டு பெயரிலும் இருப்பதால்தான் இவ்வளவு குழப்பமும்.

ஒரே நிலத்தின் மேலே இரண்டு கோடு கீறியிருக்கு என்று நினைத்துக்கொள்ளுங்கள். முதலாவது கச்சேரிக் கோடு, அதாவது மாவட்டச் செயலகத்தின் கோடு. நாட்டில் 25 மாவட்டம், மாவட்டத்துக்குள்ளே பிரதேச செயலகப் பிரிவுகள், அவற்றுக்குள்ளே கிராம சேவகர் (ஜி.எஸ்.) பிரிவுகள். மாவட்டச் செயலாளரில் இருந்து ஜி.எஸ். வரை எல்லாரும் நியமனம் பெற்ற அரச அலுவலர்கள். வதிவிடச் சான்று, அரச காணி அனுமதிப்பத்திரம், நிவாரணம், வாக்காளர் இடாப்புக்கான விபரம் எல்லாம் இந்த வழியில்தான் போகும். கவனியுங்கள், இந்த வரிசையில் "நகரம்" என்று ஓர் அலகே கிடையாது. மாநகர சபைக்குள்ளே உவர்மலையில் இருப்பவருக்கும் அதற்கு வெளியே சாம்பல்தீவில் இருப்பவருக்கும் ஒரே பிரதேச செயலாளர்தான்.

இரண்டாவது சபைக் கோடு, வாக்குப் போட்டுத் தெரிவு செய்கிற மாநகர சபை, நகர சபை, பிரதேச சபை. அரசியலமைப்பின் 13ஆவது திருத்தத்துக்குப் பிறகு இவை மாகாணத்தின் மேற்பார்வையில் வருகின்றன. சோலைவரி (வீடு, காணிக்குச் சபை அறவிடும் வரி), குப்பை, தெருவிளக்கு, உள்வீதி, வியாபார உரிமம், கட்டட அனுமதி இவர்கள் கையில். நகரம் எங்கே முடிகிறது என்பது இந்தக் கோட்டில் மட்டும்தான் தெரியும்.

இரண்டையும் பொருத்திப் பார்க்க ஒரு கணக்கு இருக்கு. 1987ஆம் ஆண்டின் 15ஆம் இலக்கப் பிரதேச சபைகள் சட்டப்படி, பிரதேச செயலகப் பிரிவில் மாநகர அல்லது நகர சபைக்கு உரிய துண்டைக் கழித்தால் மிஞ்சுவதுதான் பிரதேச சபை. எங்கள் மாவட்டத்தில் 11 பிரதேச செயலகப் பிரிவு, ஆனால் 13 சபை. கூடுதலான இரண்டும் எங்கே இருந்து வந்தன? பட்டினமும் சூழலும் பிரிவுக்குள்ளே மாநகர சபையும் பிரதேச சபையும், கிண்ணியாவுக்குள்ளே நகர சபையும் பிரதேச சபையும் இருக்கின்றன. குச்சவெளி, மூதூர், வெருகல் மாதிரி மற்ற ஒன்பது இடங்களில் பிரிவுக்கு ஒரு சபை.

எல்லையைத் தீர்மானிப்பது வர்த்தமானி அறிவித்தல். ஆனால் ஜி.எஸ். பிரிவை மாற்றுகிற அறிவித்தலும் சபை வட்டாரத்தை மாற்றுகிற அறிவித்தலும் வெவ்வேறு சட்டத்தின் கீழே வெவ்வேறு நாளில் வரும். ஒன்றை மாற்றினால் மற்றது தானாக மாறாது.

படவரைஞர்_திருமலை:

மேலே சொன்னது சரி. அதோடு, 2025 மே தேர்தலுக்கு முதல் மாநகர சபை என்பது நகர சபையாகத்தான் இருந்தது. பழைய பற்றுச்சீட்டில் "நகர சபை" என்று கண்டால் வேறு இடம் என்று நினைக்காதேயுங்கள்.

காணி எந்தச் சபையில் என்று உறுதிப்படுத்த, இரண்டு பக்கத்து வீடுகளின் சோலைவரிப் பற்றுச்சீட்டைப் பாருங்கள். தலைப்பில் உள்ள சபைதான் உங்கள் சபையும். எல்லைக்குக் கிட்ட இருந்தால் அது போதாது. நில அளவைப் படத்தோடு சபைக்கே போய் எழுத்தில் கேளுங்கள். சோலைவரி கட்டுவது காணி உரித்துக்கு அத்தாட்சி இல்லை என்பதையும் மனதில் வையுங்கள்.

அனுமதிக்கு உறுதிப் பிரதி, அனுமதி பெற்ற நில அளவையாளரின் படம், காணிப் பதிவகப் பிரதி, கட்டடப் படம் மூன்று பிரதி கொண்டுபோங்கள். புதிதாகப் பிரித்த துண்டு என்றால் முதலில் அந்தப் பிரிப்பைச் சபை அங்கீகரித்திருக்க வேணும். பொதுவான ஆகக் குறைந்த அளவு 6 பேர்ச், அதாவது ஏறக்குறைய 150 சதுர மீற்றர். 15 பேர்ச்சில் அந்தப் பிரச்சினை இல்லை. விண்ணப்பங்கள் அதிகம் திரும்பி வருவது மலக்குழியால்தான். கிணற்றுக்கும் குழிக்கும் இடையில் 50 அடி பார்ப்பார்கள். உங்கள் கிணறு மட்டும் இல்லை, பக்கத்து வளவுக் கிணறும் கணக்கு. உப்புவெளி மணல் நிலம், குழித் தண்ணீர் வேகமாக இறங்கும். பி.எச்.ஐ. (பொதுச் சுகாதாரப் பரிசோதகர்) இதில் விட்டுக்கொடுக்க மாட்டார், விட்டுக்கொடுக்கவும் கூடாது. படம் கீறும்போதே நாலு பக்கக் கிணறுகளையும் குறித்துக் கொடுங்கள்.

வீதி யாருடையது என்றும் பாருங்கள். நிலாவெளி வீதியை முட்டிய காணி என்றால் வீதி அபிவிருத்தி அதிகார சபையின் வீதிக்கோட்டை (வீதிக்கு விட வேண்டிய எல்லையை)க் கேட்க வேணும். உள்ளொழுங்கை என்றால் பிரதேச சபையே தரும். மதிலைக் கட்டிவிட்டுப் பிறகு இடிப்பவர்கள் பெரும்பாலும் இந்த வித்தியாசம் தெரியாதவர்கள்.

கொட்டியாரக்கரை:

கொழும்பில் தலைகீழ். அங்கே ஒரு மாநகர சபைக்குள்ளே கொழும்பு, திம்பிரிகஸ்யாய என்று இரண்டு பிரதேச செயலகப் பிரிவு. யாழ்ப்பாண மாநகர சபை, நல்லூர்ப் பிரிவுக்குள்ளேயும் போகிறது. எங்கேயோ கேட்ட விதியை இங்கே பொருத்தாதேயுங்கள்.

பழைய உறுதிகளில் கட்டுக்குளம்பற்று, தம்பலகாமம்பற்று, கொட்டியாரம்பற்று என்று வரும். அவை இன்றைய பிரிவுகளுக்கு முந்திய நிர்வாகப் பிரிவுகளான பற்றுகள், பிழை இல்லை. நொத்தாரிசு புது உறுதி எழுதும்போது பழைய பெயரையும் இன்றைய ஜி.எஸ். பிரிவின் பெயர், இலக்கத்தையும் சேர்த்து எழுதச் சொல்லுங்கள். இலக்கத்துக்குப் பின்னால் ஓர் எழுத்து இருந்தால் அதையும் விடாமல் எழுத வேணும். பிரிவு உடைந்தபோது வந்த எழுத்து அது, விட்டால் பக்கத்துப் பிரிவாகிவிடும்.

உப்புவெளிக்காற்று:

மிச்சம் நன்றி. காணி கடற்கரையில் இருந்து ஏறக்குறைய 200 மீற்றர் வரும். அதற்கு வேறு ஏதும் வேணுமா? ஜி.எஸ். சான்று எதற்காவது கேட்பார்களா?

படவரைஞர்_திருமலை:

இதை முதலிலேயே சொல்லியிருக்க வேணும் நீங்கள்! 1981ஆம் ஆண்டின் 57ஆம் இலக்கச் சட்டப்படி, சராசரி உயர் நீர்மட்டக் கோட்டில் இருந்து தரைப்பக்கமாக 300 மீற்றர் வரை கரையோர வலயம். மாநகர சபை, பிரதேச சபை, குச்சவெளி என்று எந்த எல்லையையும் இது பார்க்காது, மூன்றாவது கோடு என்றே வையுங்கள். கரையோரம் பேணல் திணைக்களத்தின் அனுமதி தனியாக எடுக்க வேணும். அதை எடுத்த பிறகு சபைக்குப் போங்கள். மாறிச் செய்தால் சபையில் கோப்பு நின்றுவிடும், திணைக்களம் பின்வாங்கு தூரத்தை, அதாவது கரையில் இருந்து தள்ளிக் கட்ட வேண்டிய தூரத்தைக் கூட்டினால் படமும் புதிதாகக் கீற வேணும். 200 மீற்றரைக் கண்ணால் மதிக்காமல் நில அளவையாளரைக் கொண்டு படத்தில் குறிப்பியுங்கள்.

கச்சேரியடி:

ஜி.எஸ். சான்று கட்டட அனுமதிக்கு இல்லை, மின்சாரம், தண்ணீர் இணைப்புக்குக் கேட்கலாம். ஜி.எஸ். ஒப்பமிட்டதோடு முடியாது, பிரதேச செயலகத்தில் மேலொப்பமும் வேணும். ஆறு மாதம்தான் செல்லுபடியாகும், ஆகவே இப்போதே எடுத்து வைக்காதேயுங்கள், கூரை ஏறின பிறகு எடுங்கள்.