இன்வாய்ஸில் நாட்டுப் பெயர்க் குழப்பம்: எது எந்த நாடு, எந்தத் துறைமுகம்?

பனியன்_டாக்ஸ்_திருப்பூர்:
வணக்கமுங்க. டாக்குமென்டேஷனுக்குப் புதுசா வர்ற பசங்க நாட்டுப் பேருல அடிக்கடி தப்புப் பண்றாங்க. சுவிஸ் பையரோட பி.ஓ.வுல (ஆர்டர் பேப்பர்ல) ரண்டெழுத்து நாட்டுக் கோடு சி.எச்.னு இருந்தா சைனான்னு அடிச்சுப்போடறாங்க. காங்கோன்னா ரண்டு வருது, கினியான்னா நாலு வருது. சுவாசிலாந்துன்னு தேடுனா லிஸ்ட்டுலயே இல்லை. மனப்பாடம் பண்ணச் சொன்னா நிக்காதுங்க, ஏன் அப்படி இருக்குன்னு தெரிஞ்சா மறக்காது. கடலே இல்லாத நாட்டுக்கு டிஸ்சார்ஜ் போர்ட்டு, அதாவது கப்பல்ல இருந்து சரக்கு இறங்கற துறைமுகம், என்ன போடறதுன்னும் சொல்லுங்க.

நொய்யல்கரை:
சி.எச்.ல இருந்து ஆரம்பிக்கலாமுங்க. சுவிட்சர்லாந்துல ஆட்சிமொழி நாலு: ஜெர்மன், பிரெஞ்சு, இத்தாலியன், ரோமான்ஷ். ஒண்ணுல பேரு வெச்சா மத்த மூணு பேருக்கும் மனஸ்தாபம். அதனால லத்தீன்ல ‘கன்ஃபெடராட்டியோ ஹெல்வெட்டிகா’ன்னு வெச்சாங்க, அதோட முதல் எழுத்துதான் சி.எச். சைனா சி.என். இது வெறும் எழுத்துப் பிழையோட நிக்காது. சுவிஸ் ஐரோப்பிய யூனியன்ல இல்லை, எஃப்டாங்கற இன்னொரு ஐரோப்பிய வர்த்தகக் கூட்டமைப்புல இருக்கு. 2025 அக்டோபர் 1 முதல் அவங்களோட நமக்குத் தனி வர்த்தக ஒப்பந்தம் நடைமுறையில இருக்கு. நாட்டை மாத்தி அடிச்சா ஆரிஜின் சர்ட்டிபிகேட்டும் (சரக்கு எந்த நாட்டுல செஞ்சதுன்னு காட்டற சான்று) சேர்ந்து தப்பாகும்.

சுவிட்சர்லாந்துக்கு எஸ்.இசட். இருக்குமோன்னு நெனைக்கறவங்க அடுத்த குழியில விழுவாங்க. அந்தக் கோடு சுவாசிலாந்தோடது. 2018 ஏப்ரல்ல, சுதந்திரத்தோட அம்பதாவது வருசத்துல, அந்த ஊரு ராஜா மூன்றாம் ம்ஸ்வாட்டி பேரை எஸ்வாட்டினின்னு மாத்துனாரு. வெளியில போனா சுவிட்சர்லாந்தான்னு கேக்கறாங்கங்கறதும் அவரு சொன்ன காரணத்துல ஒண்ணு! பேரு மாறுச்சு, கோடு மாறலை. லிஸ்ட்டுல இங்கிலீஷ் ‘இ’ (E) வரிசையில தேடுங்க.

காங்கோ ரண்டுக்கும் நடுவுல காங்கோ ஆறு. இக்கட்டால பிராசவில், அக்கட்டால கின்ஷாசா. ரண்டு தலைநகரும் ஒண்ணுக்கொண்ணு எதிர்ல நிக்குது. பிராசவில் பக்கம் பிரான்ஸ் ஆண்டது, கோடு சி.ஜி. கின்ஷாசா பக்கம் பெல்ஜியம் ஆண்டது, கோடு சி.டி. ரண்டுமே 1960ல விடுதலை வாங்குச்சு. சி.டி.க்கு 1971ல இருந்து 1997 வரைக்கும் ஜயர்னு பேரு, பழைய பைலுல இசட்.ஆர்.னு இருக்கும்.

போர்ட்டும் வேற வேறதான். சி.ஜி.க்கு கடலோரத்துல புவாந்த்-நுவார். சி.டி.க்கு ஆத்துக்குள்ள இருக்கிற மட்டாடி. மட்டாடிக்கு மேல வரிசையா அருவி, அதனால கடல் கப்பல் கின்ஷாசா போக முடியாது. அங்கிருந்து ரோடு இல்லைன்னா ரயில். அதே நாட்டுல லுபும்பாஷிக்கு ஆர்டர்னா மட்டாடியை மறந்துருங்க. அது தென்கிழக்கு மூலை, சரக்கு டார் எஸ் சலாம் இல்லைன்னா டர்பன் வழியா லாரியில வரும். நாட்டுப் பேரை மட்டும் பாத்து போர்ட்டு போட்டா மாட்டிக்கிற இடம் இதுதானுங்க.

காங்கயம்_பூகோளம்:
கினியா நாலையும் யார் ஆண்டாங்கன்னு வெச்சுப் பிரிச்சுக்கலாம். கோனாக்ரி இருக்கிற கினியா (ஜி.என்.) பிரெஞ்சு, பிசாவ் (ஜி.டபிள்யூ.) போர்ச்சுகீஸ், ஈக்குவடோரியல் கினியா (ஜி.க்யூ.) ஸ்பானிஷ். பப்புவா நியூ கினியா (பி.ஜி.) ஆப்பிரிக்காவிலேயே இல்லை, ஆஸ்திரேலியாவுக்கு வடக்கே இருக்கு. 1545ல அந்தப் பக்கம் போன ஸ்பெயின் மாலுமிக்கு அங்கிருந்தவங்க ஆப்பிரிக்கக் கினியாக்காரங்க மாதிரித் தெரிஞ்சாங்க, பேரு ஒட்டிக்கிச்சு. ஒரு வேடிக்கை: ஈக்குவடோரியல் கினியாவோட நிலத்துல பூமத்திய ரேகை எங்கயும் படாது. ஒரு தீவு தெற்கே, மீதி எல்லாம் வடக்கே.

கடல் இல்லாத நாட்டுக்கு வர்றேன். ஷிப்பிங் பில்லுல (ஏற்றுமதிக்குக் கஸ்டம்ஸ்ல தாக்கல் பண்ற பேப்பர்) டிஸ்சார்ஜ் ஆகிற நாடு, கடைசியா சரக்கு சேர்ற நாடுன்னு தனித்தனிக் கட்டம் இருக்கு. ரண்டுலயும் ஒரே பேரை அடிக்கறதுதான் வழக்கமான தப்பு. எத்தியோப்பியாவுக்குப் போகுதுன்னா டிஸ்சார்ஜ் ஜிபூட்டி, கடைசி நாடு எத்தியோப்பியா. 1993ல எரித்ரியா பிரிஞ்சதும் மசாவா, அசாப் ரண்டு துறைமுகமும் அதோட போயிருச்சு. 1998ல ரண்டுக்கும் சண்டை வந்த பிறகு அசாப் வழியும் அடைஞ்சு, பாரம் ஜிபூட்டி மேல விழுந்தது. பொலிவியாவும் இப்படித்தான் 1879ல தொடங்குன போர்ல சிலிகிட்டக் கடற்கரையை இழந்தது. இன்னைக்கு அவங்க சரக்கு சிலியோட அரிகாவுல இறங்குது.

நைஜர் (என்.இ.), நைஜீரியா (என்.ஜி.) விசயத்துல கூடுதல் கவனம் வேணும். நைஜீரியாவுக்கு லாகோஸ் இருக்கு. நைஜருக்குக் கடல் இல்லை, வழக்கமான வழி பெனின் நாட்டுக் கோட்டோனூ. ஆனா 2023 ஜூலை ஆட்சிக் கவிழ்ப்புக்குப் பிறகு அந்த எல்லையில சிக்கல் வந்து, டோகோவோட லோமே வழியாவும் சரக்கு போச்சு. இந்த மாதிரி நாட்டுக்குப் போன வருச பைலைப் பாத்து காப்பி அடிக்காதீங்க, ஒவ்வொரு தடவையும் பையர்கிட்ட எழுத்துல வாங்குங்க.

கொடுமுடி_கோடு:
அமெரிக்க மாநிலக் கோடை விட்டுட்டீங்களே. ஜி.ஏ.ன்னு முகவரியில வந்தா அமெரிக்காவோட ஜார்ஜியா மாநிலம், துறைமுகம் சவான்னா. நாட்டுக் கோடுல ஜி.ஏ.ன்னா காபோன்! ஜார்ஜியாங்கற நாட்டுக்கு ஜி.இ., துறைமுகம் போட்டி. சி.ஏ. கலிபோர்னியாவா கனடாவான்னும் பின்கோடைப் பாத்துத்தான் சொல்லோணும்.

பனியன்_டாக்ஸ்_திருப்பூர்:
நொம்ப நன்றிங்க எல்லாருக்கும். ஸ்லோவாக்கியா பையர் ஒருத்தரு கோப்பர் போர்ட்டு கேக்கறாரு. அது ஸ்லோவேனியால இருக்குதே, தப்பா எழுதிட்டாரா?

நொய்யல்கரை:
தப்பில்லைங்க, சரியாத்தான் எழுதியிருக்காரு. ஸ்லோவாக்கியாவுக்கு (எஸ்.கே.) கடல் இல்லை. ஸ்லோவேனியாவுக்கு (எஸ்.ஐ.) அம்பது கிலோமீட்டருக்கும் குறைவான கடற்கரைதான், அதுலதான் கோப்பர். அங்கிருந்து ஆஸ்திரியா, ஹங்கேரி, ஸ்லோவாக்கியாவுக்கு ரயில்ல கன்டெய்னர் போகுது. சூயஸ் வழியா வர்ற கப்பலுக்கு ஹாம்பர்க்கை விடக் கிட்டம். டிஸ்சார்ஜ் நாடு எஸ்.ஐ., கடைசி நாடு எஸ்.கே.ன்னு போடுங்க, ‘திருத்தறேன்’னு ரண்டையும் ஒண்ணாக்கிராதீங்க.

ஒருக்கா நாட்டுக் கோடு வெச்சிருக்கிற பழைய எக்செல் மாஸ்டர் லிஸ்ட்டையும் அலசுங்க. சி.எஸ்.னு இருந்தா வருசத்தைப் பாக்கோணும்: 1993 பிரிவினை வரைக்கும் அது செக்கோஸ்லோவாக்கியா, 2003ல இருந்து 2006 வரைக்கும் செர்பியா-மாண்டநீக்ரோ. இப்போ செல்லாது, ஆர்.எஸ். இல்லைன்னா எம்.இ. பர்மாவுக்கு இருந்த பி.யு.வும் போயி மியான்மருக்கு எம்.எம். ஆயிருச்சு. துருக்கி 2022ல ‘துர்க்கியே’ ஆனாலும் டி.ஆர்., மாசிடோனியா 2019ல ‘வட மாசிடோனியா’ ஆனாலும் எம்.கே., அதுல கை வைக்க வேண்டாம்.

கொடுமுடி_கோடு:
ஷிப்பிங் பில் போட்ட பொறவு தப்பு தெரிஞ்சா, கஸ்டம்ஸ் சட்டம் 149ஆம் பிரிவுல திருத்தம் கேக்கலாம். ஆனா ஏற்றுமதி ஆன பொறவுன்னா, சரக்குப் போறப்பவே கையில இருந்த பேப்பரை வெச்சுத்தான் நிரூபிக்கோணும். அதனால பி.ஓ.வையும் பையர் போர்ட்டு சொன்ன மெயிலையும் அன்னைக்கே பிரிண்ட் எடுத்து அந்த இன்வாய்ஸ் பைலுல குத்தி வெச்சிருங்க.