புதுப்பிப்பு: கரைக்கடலில் நுழையும் இழுவைப்படகுகள், ஆதாரம் கிடைத்தது

சிறு மீனவர்களுக்கென ஒதுக்கிய கரைக்கடலில் இரவில் இழுவைப்படகுகள் புகுந்து வலைகளை அறுத்துப் போகின்றன, எப்படி நிரூபிப்பது என்று கேட்டிருந்தேன். பதில் சொன்ன எல்லோருக்கும் நன்றி.

கப்பல் தன் இருப்பிடத்தைத் தானே ஒலிபரப்பும் ஏ.ஐ.எஸ். கருவியின் தடத்தில் ஒன்றும் சிக்கவில்லை. கருவியை அணைத்துவிட்டால் அதில் தெரியாது. கைகொடுத்தது, மீன்பிடிப்பைக் கண்காணிக்கும் குளோபல் ஃபிஷிங் வாட்ச் அமைப்பின் இணைய வரைபடத்தில் சென்டினல்-1 செயற்கைக்கோளின் ரேடார் பதிவுகளைப் பார்க்கச் சொன்ன யோசனைதான். ரேடாருக்கு இருட்டும் மேகமும் தடையில்லை. வலை அறுந்த இடத்தின் ஜிபிஎஸ் குறிப்போடு ஒப்பிட்டால், அதே தேதியில் ஏ.ஐ.எஸ். தடமே இல்லாத பெரிய படகுப் புள்ளிகள்! இதை வைத்துக் கொடுத்த மனுவை அதிகாரிகள் வாங்கிக்கொண்டு ரோந்துக்குச் சம்மதித்துவிட்டார்கள்.

எதிர்பாராதது: செயற்கைக்கோள் தினமும் அதே இடத்துக்கு வராது. அதனால் சேதமான எல்லா வலைகளையும் உடனுக்குடன் தேதியோடு குறித்துவையுங்கள். அப்புறம், உலகின் பெருந்தொழில் மீன்பிடிக் கப்பல்களில் சுமார் நான்கில் மூன்று பொதுக் கண்காணிப்பில் இல்லை என்கிறது 2024-இல் நேச்சர் இதழில் வந்த ஆய்வு. அதையும் மனுவில் சேர்த்தோம்.